கெட்டவள் வேஷம் எனக்குத்தான்

ஒரு நாள் பேக்கரி கவுண்டரில் பன் எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்த அந்த அம்மா, தன் ஆள்காட்டி விரல் நுனியில் மாவு ஒட்டியிருப்பதைப் பார்த்தார். ஏப்ரனில் துடைத்தார். போகவில்லை. குழாயில் தேய்த்துக் கழுவிப் பார்த்தார். அப்போதும் போகவில்லை. "என்னடி இது, மாவு என்னை விட்டுப் போகமாட்டேன்னு அடம்பிடிக்குது!" என்று கல்லாவில் இருந்த பெண்ணிடம் விரலை நீட்டிச் சிரித்தார். இரண்டு பேரும் சேர்ந்து சிரித்தார்கள்.

அது மாவு இல்லை. வெண்புள்ளி என்று டாக்டர் சொன்னார். தோலில் நிறம் போவதைத் தவிர அதனால் வேறு ஒரு தொந்தரவும் கிடையாது, யாருக்கும் ஒட்டாது, கவலையே வேண்டாம் என்றும் சொன்னார். தெருவில் அதற்கு வேறு பெயர் வைத்திருந்தார்கள். அந்தப் பெயரை இங்கே எழுத எனக்கு மனமில்லை.

அடுத்த வருஷத்துக்குள் புள்ளி விரலில் இருந்து முழங்கை வரை ஏறியது. பிறகு ஒரு கண்ணைச் சுற்றி, உதட்டோரம், கழுத்து. பன் வாங்க வருகிறவர்கள் பாக்கெட்டின் மறுமுனையைப் பிடித்து இழுக்க ஆரம்பித்தார்கள். சிலர், "அந்தப் பொண்ணைக் குடுக்கச் சொல்லுங்களேன்" என்று கல்லாப் பெண்ணைக் காட்டினார்கள். ஒரு நாள் முதலாளியம்மா அவரைத் தனியாகக் கூப்பிட்டார்.

"எனக்கு ஒண்ணும் இல்லம்மா. உன் கையால தண்ணி குடுத்தாக்கூடக் குடிப்பேன். ஆனா கஸ்டமர் வாயை நான் மூட முடியுமா? உன் நல்லதுக்குத்தான் சொல்றேன். பின்னாடி ரூம்ல ஃபேன் இருக்கு, நிம்மதியா உட்கார்ந்து கேக் பெட்டி மடி."

வாய் ஓயாமல் பேசிக்கொண்டே வியாபாரம் பார்த்த ஆளை, பேச ஒருத்தரும் இல்லாத அறையில் அட்டைப் பெட்டிகளுக்கு நடுவில் உட்கார வைத்தார்கள். அவர் பெட்டி மடித்தார். வெளியே போகும்போது கையுறை, முழுக்கைச் சட்டை, முகத்தைச் சுற்றி ஒரு துணி. கொழுந்தன் கல்யாணத்தில் போட்டோ எடுக்கும்போது நாத்தனார் காதோரம் வந்து, "அண்ணி, நீங்க கொஞ்சம் பின்னாடி நில்லுங்களேன், வெளிச்சம் ஒரு மாதிரி அடிக்குது" என்றார். வெளிச்சம் நன்றாகத்தான் அடித்துக்கொண்டிருந்தது. அவரும் பின்னால் போய் நின்றார்.

இதெல்லாம் அவரே பிற்பாடு எங்களுக்குச் சொன்னது. நான் அவரை முதலில் பார்த்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை, நூலகத்து மாடி ஹாலில், நான் கையில் வாளியோடு நின்றுகொண்டிருந்தபோது.

வாளி நாடகத்துக்காக. நான் சாவி வெட்டும் கடை வைத்திருப்பவன். ஞாயிறுகளில் எங்கள் குழுவோடு சேர்ந்து நாடகம் போடுவேன். குழுவை நடத்துபவர் ஆஸ்பத்திரியில் வேலை பார்க்கும் நர்ஸ் அக்கா. வீடு வீடாகப் போய் கரண்ட் மீட்டர் பார்த்து எழுதும் மீட்டர் அண்ணன் எங்களில் பெரிய நடிகர். ஆளும் பெரியவர், மீசையும் பெரியது. இன்னும் இரண்டு மூன்று பேர் உண்டு. நாங்கள் போடுவது ஒரு தனி வகை நாடகம். யாராவது ஒருத்தரை மற்றவர்கள் ஒதுக்கி வைக்கிற கதை. முதல் தடவை அதை முழுசாக நடித்துக் காட்டுவோம், அது மோசமாகத்தான் முடியும். பிறகு அதையே மறுபடி ஆரம்பிப்போம். இந்தத் தடவை பார்க்கிறவர்களில் யாருக்காவது பொறுக்கவில்லையென்றால் "நில்லு!" என்று கத்தலாம். நாங்கள் அப்படியே நின்றுவிடுவோம். கத்தியவர் மேலே வந்து, ஒதுக்கப்பட்டவர் இடத்திலோ வேடிக்கை பார்ப்பவர் இடத்திலோ நின்று, வேறு மாதிரி ஏதாவது செய்து பார்க்கலாம். கெட்டவரை மட்டும் மாற்ற முடியாது. "கெட்டவங்களை நல்லவங்களா மாத்திட்டா கதை சுலபமா முடிஞ்சுடும். வெளியில அப்படியா வர்றாங்க?" என்பார் நர்ஸ் அக்கா.

அன்றைக்கு வாடகை வீட்டுக் கதை. கணவன் இல்லாமல் ஒரு குழந்தையோடு வீடு தேடி வரும் பெண்ணாக நர்ஸ் அக்கா. வீட்டுச் சொந்தக்காரராக மீட்டர் அண்ணன். நான் வாளியில் தண்ணீர் பிடித்துக்கொண்டு எல்லாவற்றையும் பார்த்தும் வாய் திறக்காத பக்கத்து வீட்டுக்காரன். "எந்த ஊரு? வீட்டுக்காரர் எங்க? நீங்க என்ன ஆளுங்க?" என்று கேட்டுவிட்டு மீட்டர் அண்ணன், "அடடா, நேத்துதான் ஒருத்தர் அட்வான்ஸ் குடுத்துட்டுப் போனார்" என்று கையை விரிப்பார். அந்த ஒரு வரிக்கு ஹாலில் பாதிப்பேர் சொந்த அனுபவத்தில் உறுமுவார்கள்.

இரண்டாம் தடவை நடித்தபோது மூன்று நான்கு பேர் வந்து மோதிப் பார்த்தார்கள். ஒருத்தர் சட்டம் பேசினார், ஒருத்தர் கெஞ்சினார். கல்லூரி மாணவி ஒருத்தி மீட்டர் அண்ணனை வீடியோ எடுப்பதாக மிரட்டினாள். மீட்டர் அண்ணன் எல்லாரையும் ஊதித் தள்ளினார்.

"நில்லு!"

குரல் பின்னால் கதவுப் பக்கத்தில் இருந்து வந்தது. இடைவேளைக்கு நாங்கள் சொல்லி வைத்திருந்த பன் பெட்டிகளைக் கொண்டுவந்த அம்மா. வண்டிக்காரன் வராததால் தானே சுமந்து வந்திருந்தார். முகத்தில் துணி, கையில் கையுறை, காலடியில் காலி ட்ரே. கத்திய பிறகு, யார் கத்தியது என்று அவரே திரும்பிப் பார்த்தார்.

"வாங்க, வாங்க!" என்றார் நர்ஸ் அக்கா.

"ஐயோ, நான் சும்மா... பன் குடுக்க வந்தேன்."

"பன் எங்கயும் போகாது. வாங்க!"

கூட்டம் கைதட்டியது. அவர் மேலே ஏறினார். மூச்சு வாங்கியதால் முகத்துணியை இறக்கிவிட்டார். முன் வரிசையில் ஒரு சின்னச் சலசலப்பு. அவர் அதைக் கவனித்த மாதிரியே தெரியவில்லை. மீட்டர் அண்ணன் பழையபடி ஆரம்பித்தார், "நேத்துதான் ஒருத்தர் அட்வான்ஸ்..."

அவர் மீட்டர் அண்ணனைப் பார்க்கவே இல்லை. நேராக என்னிடம் வந்தார்.

"ஏன் தம்பி, நீங்க பக்கத்து வீடுதானே? நேத்து யாராவது வந்தாங்களா?"

எனக்கு வசனமே கிடையாது. மொத்த நாடகத்திலும் நான் ஒரு வார்த்தை பேசியதில்லை.

"அது... நான் தண்ணி பிடிக்க..."

"தண்ணி ரொம்பி வழியுது தம்பி, குழாயை மூடிட்டுச் சொல்லுங்க. வந்தாங்களா, வரலையா?"

ஹால் வெடித்துச் சிரித்தது. இல்லாத குழாயை நான் நிஜமாகவே மூடினேன். "வரலை" என்று என் வாய் தானாகச் சொல்லிவிட்டது. மீட்டர் அண்ணன் என்னை முறைத்தார். "இவனுக்கு என்ன தெரியும்? இவன் எப்பவும் வாளியும் கையுமா..." என்று தடுமாறினார். எங்கள் ஞாயிற்றுக்கிழமைகளில் மீட்டர் அண்ணன் தடுமாறியது அதுதான் முதல் தடவை. ஜனங்கள் எழுந்து நின்று விசில் அடித்தார்கள்.

கீழே இறங்கிய அம்மா காலி ட்ரேயை எடுக்கப் போனார். கண் மின்னியது. நர்ஸ் அக்கா ஓடிப்போய்ப் பிடித்துக்கொண்டார். "அடுத்த வாரம் ஒத்திகைக்கு வர்றீங்க. பேர் என்னன்னு சொல்லுங்க."

"தெருப் பசங்க மேப்புன்னு கூப்பிடுவாங்க. மேப்புன்னா ஒரே ஒரு நாடு. என்கிட்ட எத்தனை நாடு இருக்கு பாருங்க!" என்று கையுறையைக் கழற்றிக் காட்டினார். "அட்லஸ்னு எழுதிக்குங்க."

அப்படித்தான் அவர் எங்களுக்கு அட்லஸ் அக்கா ஆனார்.

ஒத்திகைக்கு வந்த அன்றே, "எனக்குக் கெட்டவ வேஷம் குடுங்க" என்று கேட்டார். எங்களுக்கு ஆச்சரியம். எங்கள் குழுவில் எல்லாருக்கும் பாவப்பட்டவராக நடிக்கத்தான் ஆசை. கெட்ட வேஷம் என்றால் மீட்டர் அண்ணன் தலையில்தான் விழும். அட்லஸ் அக்கா கெட்டவராக வந்து நின்றார். அவர் கத்தவில்லை, கண்ணை உருட்டவில்லை. சிரித்த முகமாகத் தேன் ஒழுகப் பேசி ஆளைக் கூசிப்போக வைத்தார்.

"எங்க கத்துக்கிட்டீங்க இதையெல்லாம்?" என்று கேட்டேன்.

"அஞ்சு வருஷமாக் கேக்குறேன்ல தம்பி. மனப்பாடம்!"

அவர் கதையையே நாடகமாக்கலாம் என்று நர்ஸ் அக்கா சொன்னபோது மட்டும் பின்வாங்கினார். "என் கதையா? பெட்டி மடிக்கிறதை எவன் வந்து பாப்பான்?" ஆனால் சொல்லச் சொன்னதும் சொன்னார். மாவு அடம்பிடித்ததில் ஆரம்பித்து, கல்யாணப் போட்டோ வரை, ஒவ்வொருவர் குரலிலும் பேசிக் காட்டினார். சிரித்துச் சிரித்து எங்களுக்கு விலா வலித்தது. அவர் முடித்த பிறகுதான் நாங்கள் எதற்குச் சிரித்தோம் என்று உறைத்தது. மீட்டர் அண்ணன் மூக்கைச் சிந்திக்கொண்டார்.

யார் யாருக்கு எந்த வேஷம்? எல்லாரும் அட்லஸ் அக்காவைப் பார்த்தோம்.

"நான் நானா நடிக்க மாட்டேன். அதைத்தான் தினம் பண்றேனே. நான் முதலாளியம்மா."

"அப்போ உங்களா யாரு?"

"இவர்!" என்று மீட்டர் அண்ணனைக் காட்டினார்.

மீசையைத் தடவிக்கொண்டே அவர் ஒப்புக்கொண்டார். ஒத்திகை நடந்த இடம், ஞாயிறு விடுமுறை விட்டிருந்த ஒரு டயர் கடை. மருந்துக்கடையில் வாங்கிய வெள்ளைக் களிம்பை அவர் இரண்டு கையிலும், கண்ணைச் சுற்றியும் தடவினோம். நடுவில் ஒரு டீ குடித்துவிட்டு வருகிறேன் என்று எதிர்க்கடைக்குப் போனார். போன வேகத்தில் திரும்பி வந்தார். முகம் சிவந்திருந்தது.

"டம்ளரைக் கையில குடுக்கலைய்யா! பலகையில வச்சு ஒரு குச்சியால தள்ளுறான்! நான் தினம் அங்கதான் டீ குடிக்கிறேன். அவன் கடை மீட்டரை நான்தான் பாக்குறேன். 'என்னண்ணே, இது எப்ப வந்துச்சு'ன்னு ரெண்டடி தள்ளி நின்னு கேக்குறான்!"

"டீ நல்லா இருந்துச்சா?" என்று கேட்டார் அட்லஸ் அக்கா.

"குடிக்கவே இல்ல!"

"நான் குடிச்சிருப்பேன். காசு குடுத்தாச்சுல்ல?"

மீட்டர் அண்ணன் அவரையே பார்த்தார். பிறகு தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு ஒரு டயர்மேல் உட்கார்ந்தார். "ஒரு டம்ளர் டீக்கே எனக்கு இப்படி இருக்கு" என்றார். அன்று முதல் அவர் நடிப்பே மாறிவிட்டது. குரலை ஏற்றவில்லை, முதலாளியம்மா சொன்னதைக் கேட்டுத் தலையாட்டும்போது மீசை மட்டும் லேசாகத் துடிக்கும்.

நாடகத்தை மார்க்கெட் பக்கத்துத் திடலில் ஒரு சாயங்காலம் போட்டோம். அட்லஸ் அக்காவின் வீட்டுக்காரர், தண்ணீர் மோட்டார் பழுது பார்ப்பவர், வேலை முடிந்து கிரீஸ் கையோடு வந்து உட்கார்ந்திருந்தார். "வேண்டாம்னு சொல்லல. கடைக்காரங்க காதுக்குப் போச்சுன்னா வேலை போயிடுமேன்னுதான்" என்று என்னிடம் இரண்டு தடவை சொல்லிவிட்டார்.

அவர் பயந்ததுபோலவே ஆயிற்று. தொடங்க ஐந்து நிமிஷம் இருக்கும்போது கல்லாப் பெண் சிரித்துக்கொண்டே வந்தாள். அவள் பின்னால் பேக்கரி ஆட்கள் எல்லாரும். அவர்களுக்கும் பின்னால், மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு, முதலாளியம்மா.

நான் ஓடிப்போய்ச் சொன்னேன். அட்லஸ் அக்கா திரையாகக் கட்டியிருந்த போர்வையின் ஓட்டையில் கண்ணை வைத்துப் பார்த்தார்.

"வேற கதை போட்டுக்கலாமா?" என்றார் நர்ஸ் அக்கா.

"எதுக்கு? அவங்க மூக்குக்கண்ணாடியைத் துடைக்கிறதை நான் சரியாச் செய்றேனான்னு எனக்கு இவ்வளவு நாளா சந்தேகம். இப்பப் பாத்துட்டேன். இடது கையால துடைக்கிறாங்க!" என்றார். கழுத்து நரம்பு படபடவென்று அடித்தது.

ஆரம்பித்தோம். அட்லஸ் அக்கா இடது கையால் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு வந்து நின்றதும் பேக்கரி ஆட்கள் இருந்த வரிசை குலுங்கியது. மூக்கால் பேசி, "உன் நல்லதுக்குத்தான் சொல்றேன்" என்று மீட்டர் அண்ணனின் தோளைத் தட்டப் போய், தட்டாமல் கையைப் பாதியிலேயே இழுத்துக்கொண்டார். சிரித்துக்கொண்டிருந்த திடல் அந்த நொடியில் அடங்கிவிட்டது.

"நில்லு!" என்று ஒரு குரல். அவர் வீட்டுக்காரர்! எழுந்து நின்றிருந்தார்.

"ஐயா, இன்னும் முதல் தடவையே முடியலையே" என்றார் நர்ஸ் அக்கா.

"அதெல்லாம் எனக்குத் தெரியாது. இதுக்கு மேல பாக்க முடியாது!" என்றார். பக்கத்தில் இருந்தவர்கள் இழுத்து உட்கார வைத்தார்கள். மேடையில் நின்ற அட்லஸ் அக்காவின் உதடு துடித்தது. சிரிப்பை அடக்கினாரா, அழுகையையா என்று எனக்குத் தெரியவில்லை.

இரண்டாம் தடவை. ஆட்கள் ஒருவர் பின் ஒருவராக ஏறினார்கள். ஒருத்தர் டாக்டரைக் கூட்டி வருவேன் என்றார். "கூட்டிட்டு வாங்க, அவருக்கும் ரெண்டு பன் குடுப்போம்" என்று அனுப்பினார் அட்லஸ் அக்கா. ஒருத்தர் வேலையை விடுகிறேன் என்றார். "போயிட்டு வாம்மா, எங்க போனாலும் நல்லா இரு" என்று கண்ணீர் மல்க வழியனுப்பினார். அவரை ஜெயிக்க யாராலும் முடியவில்லை. திடல் கொதித்துக்கொண்டிருந்தது.

"நில்லு!"

முதலாளியம்மா. எழுந்து நடந்து வந்தார். "அந்த முதலாளியம்மா யாருன்னு எல்லாருக்கும் தெரியும். நான் அப்படிச் சொல்லலை. நானே செஞ்சு காட்டுறேன், நகரு."

நர்ஸ் அக்கா குறுக்கே வந்தார். "மன்னிச்சுக்குங்கம்மா. முதலாளியை மாத்த எங்க விதியில இடமில்லை. வேலை செய்றவங்க இடத்துக்கு வேணா வரலாம்."

ஒரு கணம் அவர் இறங்கிப் போய்விடுவார் என்றுதான் நினைத்தேன். மீட்டர் அண்ணன் மெல்ல ஏப்ரனைக் கழற்றி நீட்டினார். கூட்டம் முழுக்கப் பார்த்துக்கொண்டிருந்தது. முதலாளியம்மா அதை வாங்கிக் கட்டிக்கொண்டார்.

அட்லஸ் அக்கா தொண்டையைச் செருமினார். வேஷத்தை விட்டு இம்மிகூட இறங்கவில்லை. "எனக்கு ஒண்ணும் இல்லம்மா. கஸ்டமர் வாயை நான் மூட முடியுமா?"

"இது ஒட்டாதும்மா. டாக்டரே சொல்லிட்டார்" என்றார் முதலாளியம்மா.

"எனக்குத் தெரியாதா? கஸ்டமருக்குத் தெரியாதே."

"நான் அவங்ககிட்டச் சொல்றேன்."

"ஒவ்வொருத்தர்கிட்டயா நீ சொல்லிட்டிருந்தா பன் யாரு குடுக்கிறது? வரிசை ரோடு வரைக்கும் நிக்குது பாரு."

"அப்போ நீங்க சொல்லுங்க! கடை உங்களோடது. நீங்க சொன்னா கேப்பாங்க. நீங்க வாயே திறக்கலன்னா நான் யார்கிட்டப் போய்..."

அதோடு அவர் குரல் நின்றுவிட்டது.

அட்லஸ் அக்கா விடவில்லை. முகத்தில் அதே சிரிப்பு. "பின்னாடி ஃபேன் இருக்கும்மா. போய் நிம்மதியாப் பெட்டி மடி."

முதலாளியம்மா மேடை ஓரத்தில் குவித்திருந்த அட்டைகளிடம் போனார். தரையில் உட்கார்ந்தார். ஒன்றை எடுத்து மடிக்கப் பார்த்தார். அது பிரிந்து பிரிந்து போனது.

"அப்படி இல்லம்மா, அந்தக் காதை முதல்ல உள்ள தள்ளணும்" என்று அட்லஸ் அக்கா வாய் தவறிச் சொல்லிவிட்டார், தன் சொந்தக் குரலில்.

யாரோ ஒருவர் களுக்கென்று சிரித்தார். பிறகு திடலே சிரித்தது. முதலாளியம்மாவும், கண்ணைத் துடைத்துக்கொண்டே.

அப்படியே எல்லாம் சரியாகிவிட்டது என்று சொன்னால் பொய். அந்த வாரம் முழுக்க முதலாளியம்மா அவரிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. வாரக் கடைசியில் பின்னறைக்கு வந்தார். "நாளைலேருந்து காலைல கவுண்டர்ல நில்லு. பாப்போம்" என்றார். வாசல்வரை போய்த் திரும்பி, "ஆமா, நான் அவ்வளவு மூக்காலயா பேசுறேன்?" என்று கேட்டார். மூக்கால்தான் கேட்டார். வெளியே கல்லாவில் இருந்த பெண் மேஜைக்குக் கீழே குனிந்துகொண்டாள்.

முதல் நாள் காலையிலேயே ஒரு பெண்மணி கையை இழுத்துக்கொண்டு, "வேற யாரும் இல்லையா?" என்றார். கவுண்டரே நின்றுவிட்டது. முதலாளியம்மா கண்ணாடியைக் கழற்றினார், துடைத்தார், மாட்டினார். "இன்னிக்கு இவங்கதான்" என்று ஈனக்குரலில் சொன்னார். அந்தப் பெண்மணி வாங்காமல் போனார். இன்றுவரை வரவில்லை. வரிசையில் அடுத்து நின்றவர், "எனக்கு வேலைக்கு நேரமாச்சு, நாலு பன்" என்று கையை நீட்டினார். அட்லஸ் அக்கா கையுறையைக் கழற்றிப் பையில் திணித்துவிட்டு, நாலு பன் கொடுத்தார்.

மதியத்துக்கு மேல் இன்னும் பெட்டிதான். அதற்கும் சண்டை போட்டுக்கொண்டிருக்கிறார், தன் சொந்தக் குரலில்.

போன மாதம் வேறொரு பேட்டையில் நாடகம். பள்ளிக்கூடத்தில் ஒரு பிள்ளையைத் தனி பெஞ்சில் உட்கார வைக்கும் கதை. டீச்சர் வேஷம் யாருக்கு என்று கேட்கவே தேவையில்லை. "கண்ணு, நீ அங்க உட்கார்ந்தாத்தான் காத்து நல்லா வரும்" என்று அட்லஸ் அக்கா கொஞ்சியபோது எனக்கே பல்லைக் கடிக்கத் தோன்றியது.

முடிந்து நாங்கள் சாமான்களைக் கட்டிக்கொண்டிருந்தோம். காய்கறிக் கூடையை இடுப்பில் வைத்திருந்த ஒரு பெண் கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்து, அட்லஸ் அக்காவின் கையை எட்டிப் பிடித்தாள். வெள்ளையும் கறுப்புமான அந்த மணிக்கட்டை இறுக்கிப் பிடித்து உலுக்கினாள்.

"நீயெல்லாம் ஒரு டீச்சரா? பச்சப் புள்ளையை அப்படிப் பேச உனக்கு எப்படி மனசு வந்துச்சு? அது வாயா, இல்ல வேற ஏதாவதா?"

"இல்லம்மா, அது நடிப்பு..." என்று நான் குறுக்கே போனேன். அட்லஸ் அக்கா என்னைத் தடுத்துவிட்டார். கையை இழுத்துக்கொள்ளவும் இல்லை. அந்தப் பெண் திட்டி முடித்து மூச்சு வாங்கும் வரை, வாங்கிய பரிசைப் பிடித்திருக்கிற மாதிரி நின்றிருந்தார்.

திரும்பி வரும் வேனில் வீட்டுக்காரருக்குப் போன் போட்டார். ஸ்பீக்கரை வேறு போட்டுவிட்டார். "ஏங்க! ஒருத்தங்க என் கையைப் பிடிச்சு, திட்டு திட்டுன்னு திட்டிட்டுப் போறாங்க!"

"யாரு அது?" மறுபக்கத்தில் ஸ்பேனர் கீழே விழும் சத்தம் கேட்டது. "எதுக்குத் திட்டினா? கையைப் பத்தியா?"

"கையை அவங்க பாக்கவே இல்லைங்க! என் வாயைத் திட்டினாங்க!"

வேனில் நாங்கள் போட்ட கூச்சலில் மறுபக்கம் அவர் சொன்னது கேட்கவில்லை. அட்லஸ் அக்கா போனை மடியில் வைத்துவிட்டு நர்ஸ் அக்கா பக்கம் திரும்பினார். "அடுத்த கதையில இதைவிடக் கெட்டவளா ஒருத்தி வேணும். இப்பவே சொல்லிட்டேன், அது எனக்குத்தான்."